கோடரி இருந்த துண்டு

ஒஸ்லோ, 8.2.2008

தவக்காலத்து முதல் வெள்ளி. மகள் பள்ளி வேலைக்காக ஒரு படத்தை அச்செடுத்து, திருக்குடும்பப் படத்துக்குப் பக்கத்தில் ஒட்டியிருந்தாள். அமெரிக்கக் கல்லூரி நூலகம் ஒன்றின் சுவரெங்கும் மெக்சிக்கோ ஓவியர் ஒருவர் வரைந்தவற்றில் ஒன்றாம். தன் சிலுவையைத் தானே வெட்டிச் சாய்த்துவிட்டு, கோடரியோடு நிற்கும் இயேசு.

சிலுவைப்பாதை வழிபாடு முடிந்து வந்த என் கணவர் அதைக் கிழித்தெறிந்தார். அவளை அறைந்தார். உதடு வெடித்து இரத்தம் வந்தது.

"அவர் சிலுவையைத்தான் வெட்டினவர். நீங்கள் எனக்கெல்லோ அடிச்சனீங்கள்!" என்றாள். மறுபடியும் அறைந்தார்.

பிறகு என்னிடம், "பள்ளிக்கூடத்திலை கேட்டால் ஐஸிலை சறுக்கி விழுந்தவள் எண்டு சொல்லு" என்றார்.

"ஓம்" என்றேன்.

துண்டுகளைப் பொறுக்கி ஒட்டினேன். கோடரி இருந்த துண்டை மட்டும் ஒட்டவில்லை. திங்கள் ஆசிரியையிடம் நடந்ததைச் சொல்லப் போகும்போது அது என் கைக்குள் இருக்கும்.