சந்தன மாலையும் ஒரு சப்பாத்தும்

அலுமாரியின் மேல்தட்டில், குளிர்காலப் போர்வைகளுக்கு அடியில் கையை விட்டபோது அந்த மணம் வந்தது. சந்தனச் சீவலில் கட்டிய மாலை. நிறம் கறுத்துவிட்டது, நூல் இற்றுவிட்டது, மணம் மட்டும் அப்படியே இருக்கிறது. கீழே நான் ஏறி நின்ற கதிரையைப் பிடித்துக்கொண்டிருந்த என் கணவர், "கிடைச்சுதோ? எடும். பேப்பரில வந்த அந்த மனிசன்ர படத்துக்குப் போடுவம். அதுதானே மரியாதை" என்றார்.

அந்த மனிசன் நீங்கள்தான். இன்று காலைப் பத்திரிகையில் உங்கள் முகம் வந்திருந்தது. அமெரிக்க நடிகர், பிற்காலத்தில் இயக்குநர், நீண்ட நாள் சுகவீனத்துக்குப் பின் சொந்த ஊரில் காலமானார். உங்களுக்குத் தமிழ் தெரியாது. இதை நான் தமிழில் எழுதுவது தெரிந்தால் சண்டைக்கு வருவீர்கள். என்ன செய்வது, எனக்கு ஆங்கிலத்தில் வேலை பார்க்கத் தெரியும், கவுன்சிலுக்கு முறைப்பாடு எழுதத் தெரியும், அழத் தெரியாது. நீங்கள் சொன்னதையெல்லாம் இங்கே என் ஊர்ப் பேச்சில்தான் எழுதப்போகிறேன், கோபிக்காதீர்கள்.

எண்பதுகளின் கடைசியில் ஏதோ நாடகத்தில் நடிக்க லண்டன் வந்தீர்கள். நாடகம் படுத்துவிட்டது. நீங்கள் ஊருக்குத் திரும்பாமல் லூயிஷாமில் ஒரு கடைக்கு மேலே, எங்களுக்கு எதிர்க் கதவில் குடிவந்தீர்கள். பார்த்த உடனேயே எனக்கு ஆளைத் தெரிந்தது. பின்னேரங்களில் தொலைக்காட்சியில் போடும் பழைய குதிரைப் படங்களில் நாயகனுக்குக் கூட்டாளியாக வருவீர்கள், பாதிப் படம் தாண்டுமுன் துப்பாக்கிச் சூடு வாங்கி விழுந்துவிடுவீர்கள். படிக்கட்டில் சந்தித்தபோது வாய் சும்மா இருக்கவில்லை. "நீங்கள் சாகிறவர்தானே?" என்று கேட்டுவிட்டேன். கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு சிரித்தீர்கள்.

"ஓம், அதுதான் என்ர தொழில். ஹீரோவுக்குக் கோபம் வரவேணுமெண்டால் நான் சாகவேணும். ஆனால் இனிச் சாகமாட்டன். படம் எடுக்கப் போறன்."

நாங்கள் நம்பவில்லை. காசு போடக்கூடியவர்களும் நம்பவில்லை. விழத் தெரிந்தவனுக்குக் கமராவுக்குப் பின்னால் என்ன வேலை என்று உங்கள் முகத்துக்கு நேரே கேட்டிருக்கிறார்கள். நீங்கள் விடவில்லை. கீழே கடை நடத்திய எங்கள் ஊர் அக்காவைப் பார்த்துப் பார்த்துக் கதை எழுதினீர்கள். கணவனைப் பறிகொடுத்த ஒருத்தி தென் லண்டனில் கடை போட்டுப் பிழைக்கும் கதை. தொண்ணூறுகளின் தொடக்கத்தில் ஒரு வழியாகப் படப்பிடிப்பு தொடங்கியது. அதற்குள் நாங்கள் அடுத்த தெருவுக்கு வீடு மாறியிருந்தோம். கதையில் வரும் வீட்டைத் தமிழ் வீடு மாதிரி ஒழுங்கு செய்ய என்னைக் கூப்பிட்டீர்கள். சாமித்தட்டு, அம்மி, கதவுக்குப் பின்னால் தொங்கும் பிளாஸ்டிக் பைகள் எல்லாம் என் கைவேலை.

சுவரில் தொங்க ஒரு செத்த கணவன் தேவைப்பட்டது. என்னுடைய மனிதர் முந்திக்கொண்டார். "என்ர படத்தைத் தொங்க விடுங்கோ. வசனமும் பாடமாக்கத் தேவையில்லை" என்று ஒரே குஷி. எனக்குப் பிடிக்கவில்லை. எங்கள் ஆட்களிடத்தில் ஒருவர் படத்துக்கு மாலை விழுந்தால் அவர் இல்லை என்று அர்த்தம், அதற்கு மேல் விளக்கம் கிடையாது. நான் உங்களிடம் சொன்னேன்: "எங்கட பக்கத்தில படம் எடுக்கிறவை, செத்த ஆளா நடிச்சவரைக் கடைசியில கமராவுக்கு முன்னால சிரிக்க வைச்சிட்டுத்தான் வீட்ட விடுவினம். இவரையும் மாலையைக் கழட்டிச் சிரிக்க வைச்சு ஒரு படம் எடுங்கோ."

நீங்கள் யன்னலைப் பார்த்தீர்கள். "வெளிச்சம் போகுது. பிறகு பாப்பம்" என்றீர்கள். என் கணவரும் "விடுமப்பா" என்றார். பிறகு யாரும் பார்க்கவில்லை.

உள்ளூர்ப் பத்திரிகை ஒன்று படப்பிடிப்பைப் பற்றி எழுதியது. கூடவே பெரிதாக ஒரு புகைப்படம். சுவரில் மாலையோடு என் கணவர், கீழே முந்தானையால் முகத்தைப் பொத்தி அழும் நடிகை. நாங்கள் அதைப் பெருமையாக வெட்டி வைத்தோம். சில வாரம் கழித்து ஒரு மத்தியானம் கதவு தட்டும் சத்தம் கேட்டது. என் கணவர் போய்த் திறந்தார். வாசலில் அவருடைய பெரியம்மாவின் மகன் கணேசண்ணை, ஹவுன்ஸ்லோவில் இருந்து, அழுத முகத்தோடு. திறந்த ஆளைப் பார்த்ததும் அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டார்.

"நீ... உயிரோடயோ?"

தண்ணீர் கொடுத்து உள்ளே கூட்டிவந்தோம். விமான நிலையத்தில் வேலை செய்கிறவர். அங்கே சாப்பாட்டு மேசையில் யாரோ விட்டுப்போன பத்திரிகையைப் பார்த்திருக்கிறார். மாலையைப் பார்த்தபிறகு கீழே இருந்த எழுத்தை ஏன் வாசிக்கப்போகிறார்? "அழுகிறது நீர் எண்டு நினைச்சன், தங்கச்சி. உங்கட பழைய போன் வேலை செய்யேல்ல. கோயிலில ஆரிட்டையோ அட்ரஸ் கேட்டு எடுத்தன்." கோயிலில் ஒருவரும் உண்மையைச் சொல்லவில்லையா என்று கேட்டேன். "சாவீட்டுக் கதையைக் கோயிலில கதைக்கலாமோ? அட்ரஸ் மட்டும் கேட்டுக்கொண்டு வந்தன்" என்றார். என் கணவர் விழுந்து விழுந்து சிரித்தார். நானும் சிரித்தேன்.

கணேசண்ணை சிரிக்கவில்லை. "போன கிழமை கொழும்புக்குப் போன ஒராளிட்ட அந்தப் பேப்பரை வெட்டிக் குடுத்து விட்டிட்டன். சின்னம்மாவுக்குத் தெரியவேணும்தானே."

அவர் சின்னம்மா என்றது என் கணவரின் தாயை, என் மாமியை. யாழ்ப்பாணத்தில் தனியே இருந்தா. நெஞ்சு வருத்தத்துக்கு மருந்து எடுக்கிறவ, இவர் ஒரே மகன். சண்டைக் காலம், அங்கே தொலைபேசி இல்லை, கடிதம் போனால் போனது. "இண்டைக்கே எழுதுவம்" என்று பேனையை எடுத்த கணவர் பாதியில் வைத்துவிட்டார். ஏன் என்று எனக்கும் தெரியும். அயல்வீட்டு அம்மாவின் மகன் வெளிநாட்டில் செத்தபோது, அந்த மனுசி தாங்கமாட்டா என்று மகன் எழுதுவது போலவே மாதக்கணக்கில் கடிதம் எழுதி வாசித்துக் காட்டியவ எங்கள் மாமிதான். அவவுக்கு எந்தக் கையெழுத்தைக் காட்டி நம்பவைப்பது?

கணேசண்ணைதான் சொன்னார், தெரிந்த பிள்ளை ஒருத்தி அன்று பின்னேரமே கொழும்புக்குப் பறக்கிறாள், தரைப்பாதை மூடியிருந்ததால் அங்கிருந்து போய்க் கிளாலிக் கடலை இரவில் வள்ளத்தில் கடந்து தாயைப் பார்க்க யாழ்ப்பாணம் போவாள் என்று. நான் செருப்பையும் சரியாகப் போடாமல் உங்கள் படப்பிடிப்புக்கு ஓடினேன். எல்லாரும் பார்க்க உங்களைப் பார்த்துக் கத்தினேன். "சிரிக்க வையுங்கோ எண்டு சொன்னனான்! கேட்டனீங்களோ?"

முழுவதையும் கேட்டீர்கள். மறந்துபோனேன், நேரமில்லை என்று ஒரு சாட்டும் சொல்லவில்லை. உதவியாளர் ஓடிவந்து வெளிச்சம் போகப்போகிறது என்றார். "போனால் போகட்டும்" என்றீர்கள். சுவரிலிருந்து படச் சட்டத்தை மாலையோடு கழற்றினீர்கள். சாமான்கள் இருந்த இடம் மறக்காமலிருக்க நீங்கள் பாவிக்கும், உடனே படம் துப்பும் அந்தக் கமராவையும் தூக்கிக்கொண்டு என் பின்னால் வந்தீர்கள். வீட்டுக்கு வந்த பிறகுதான் பார்த்தோம். அதற்குள் ஒரே ஒரு தாள்தான் மிச்சம்.

என் கணவர் தன்னுடைய மாலை போட்ட படத்தைத் தானே கையில் பிடித்துக்கொண்டு கூடத்தில் நின்றார். "சிரியுங்கோ" என்றேன். வாய் கோணியது, சிரிப்பு வரவில்லை. அங்கே தாய் தனக்காக அழுதுகொண்டு கிடப்பா என்ற நினைப்பில் எந்த மகன் சிரிப்பான்? கணேசண்ணை மணிக்கூட்டைப் பார்த்துப் பார்த்து, "தம்பி, பிள்ளை எயாப்போட்டுக்கு வெளிக்கிடப் போகுது" என்று கெஞ்சினார். சிரிக்காத முகத்தை அனுப்பினால், என்னவோ நடந்ததை மறைக்கிறார்கள் என்றுதான் மாமி நினைப்பா.

அப்போது நீங்கள் கமராவை என்னிடம் தந்தீர்கள். "நீங்கள் அமத்துங்கோ" என்றீர்கள். அடுத்த நொடி நெஞ்சைப் பொத்திக்கொண்டு ஒரு முனகல். தள்ளாடிப் போய்ச் சோபாவில் மோதி, யன்னல் சீலையைப் பிடித்து இழுத்து, எங்கள் கம்பளத்தில் தடாலென்று விழுந்தீர்கள். சப்பாத்துப் போட்ட கால் ஒருமுறை உதறியது. செத்துவிட்டார் என்று பார்த்தால் மெல்லத் தலையைத் தூக்கி, இல்லாத நாயகனைப் பார்த்து, "என்ர குதிரைக்குத் தண்ணி வை" என்றுவிட்டு மறுபடியும் செத்தீர்கள்.

என் கணவர் வெடித்துச் சிரித்தார். நான் அமத்தினேன்.

தாள் வெளியே வந்து நெடுநேரம் சாம்பல் நிறத்தில் கிடந்தது. நாங்கள் மூவரும் அதன் மேல் குனிந்தோம். முதலில் மாலை தெரிந்தது, பிறகு பல் தெரிந்தது. "வந்துதோ?" என்று நிலத்தில் கிடந்தபடியே கேட்டீர்கள். "வந்திட்டுது. எழும்புங்கோ. செத்து நடிச்ச ஆக்கள் எல்லாரும் சிரிக்கவேணும், நீங்களும் சிரியுங்கோ" என்றேன். தாள் இல்லாத கமராவுக்கு முன்னால் எழும்பி நின்று கண்ணில் நீர் வரச் சிரித்தீர்கள்.

அதன் பிறகு வந்த வாரங்களை நினைக்க இப்போதும் பிடிக்கவில்லை. கிளாலியில் வள்ளத்துக்குத் துப்பாக்கிச் சூடு என்று செய்தி வந்தால் இவர் தட்டைத் தள்ளிவைத்துவிடுவார். நீங்கள் வேலைக்குப் போகுமுன் தினமும் வாசலில் வந்து நின்று, வாயால் கேட்காமல் என் முகத்தைப் பார்ப்பீர்கள். நான் இல்லை என்று தலையை ஆட்டுவேன், போய்விடுவீர்கள். கடைசியில் மாமியின் சொந்தக் கையெழுத்தில் கடிதம் வந்தது. பத்திரிகைத் துண்டுதான் முதலில் போய்ச் சேர்ந்திருந்தது. மாமி சாப்பாட்டை விட்டுப் பாயில் கிடந்திருக்கிறா. பிறகு அந்தப் பிள்ளை படத்தைக் கொண்டுபோய்க் கையில் கொடுத்திருக்கிறாள்.

"தன்ர மாலையைத் தானே தூக்கிக்கொண்டு நிண்டு சிரிக்கிறான். செத்தவன் இப்பிடிச் செய்வானோ? எழும்பிக் கஞ்சி குடிச்சன். ஆனால் மெலிஞ்சு போனான், ஏன்? மற்றது, படத்தின்ர கீழ்மூலையில நிலத்தில ஆரோ கிடக்கிறார், சப்பாத்துக்கால் ஒண்டு தெரியுது. அந்த மனிசனுக்கு என்ன நடந்தது? சுகமோ?"

நான் வரிவரியாக மொழிபெயர்த்துச் சொன்னேன். கடைசி வரியில் நீங்கள் யன்னல் பக்கம் திரும்பிவிட்டீர்கள். "எத்தினை பேர் நான் சாகிறதைப் பாத்திருக்கினம். ஒருத்தரும் இப்பிடிக் கேக்கேல்ல" என்றீர்கள்.

படம் பெரிய கொட்டகைகளுக்கு வரவில்லை, ஆனால் பார்த்தவர்கள் பேசினார்கள். அந்தப் பேச்சு உங்களை அமெரிக்காவுக்கே திருப்பிக் கூட்டிக்கொண்டு போய் அடுத்த படங்களையும் எடுக்கவைத்தது. யார் செத்தாலும் உங்கள் கமரா சாகிறவனை விட்டுவிட்டு, அவனைக் கேட்டு அழுகிறவர்களிடம்தான் போய் நிற்கும். உங்கள் படப்பிடிப்புகளில் ஒரு விநோதப் பழக்கம் இருந்ததாம், செத்து நடித்தவர்களைக் கடைசியில் கமராவுக்கு முன்னால் சிரிக்கவைப்பீர்களாம், எங்கே பிடித்தீர்கள் என்று ஒருவருக்கும் தெரியாதாம். இன்றைய பத்திரிகையில் போட்டிருக்கிறான். எனக்குத் தெரியும்.

மாமி இருந்தவரைக்கும் ஒவ்வொரு கடிதத்திலும் "சப்பாத்துக்கால் ஐயா சுகமோ?" என்று கேட்பா. அவ காலமான பிறகு அந்தப் படம் ஓரம் மடங்கி எங்களிடமே திரும்பி வந்தது. நீங்கள் எங்களோடு இருக்கிற படம் அது ஒன்றுதான். அதில் உங்கள் முகம் இல்லை, சப்பாத்து மட்டும்தான்.

இவர் இன்னும் கீழே நிற்கிறார். "என்னப்பா, மாலை எங்க?" என்கிறார். "இந்த மாலையை ஒருத்தருக்கும் போட விடமாட்டன்" என்று சொல்லிப் போர்வைக்கு அடியிலேயே திரும்ப வைத்தேன். பாவம், முகம் சுருங்கிவிட்டது. அவருக்கும் உங்களை நினைத்து ஏதாவது செய்யவேண்டும் போலிருக்கிறது. எனக்கும்தான். மாமி இருந்தால் இன்றைக்கும் கேட்டு எழுதியிருப்பா. நானும் அன்று எழுதிய பதிலையே எழுதியிருப்பேன்.

அவர் நடிச்சவர், மாமி. படம் எடுத்து முடிஞ்ச உடனே எழும்பிச் சிரிச்சிட்டார்.