இந்த வீட்டுக்குத் தலைச்சன்

9 ஏப்ரல் 2025
விக்கிரவாண்டி டோல்கேட் தாண்டுவதற்குள் வாந்தி. பக்கத்து சீட்டு அம்மா எலுமிச்சம்பழம் கொடுத்தார். முப்பத்தேழு வயதில் மறுபடி மசக்கை. சிரிப்புதான் வருகிறது.

எச்.எம். அரங்கநாதன் சாரிடம் விஷயத்தைச் சொன்னேன். முதலில் சந்தோஷப்பட்டார், பிறகு விரலை மடக்கினார். "ஏற்கெனவே ரெண்டு இருக்குதேம்மா. மூணாவதுக்குப் பிரசவ லீவு கிடையாது. ரூலு அப்படி."

அந்த இரண்டும் என் முதல் கல்யாணத்தில், அரசு வேலை கிடைப்பதற்கு முன்பே பிறந்தவை. விவாகரத்துக்குப் பிறகு என்னோடுதான் இருக்கிறார்கள். செல்வகுமாரைக் கட்டிக்கொண்டு ஒன்றரை வருடம்; அவருக்கு இதுதான் முதல் குழந்தை. ரூலுக்கு அதெல்லாம் தெரியாது. லீவு கிடைக்காவிட்டால் பச்சைப் பிள்ளையை விழுப்புரத்தில் விட்டுவிட்டு நான் திண்டிவனத்தில் அல்ஜீப்ரா நடத்த வேண்டும். சம்பளத்தை விட்டு வீட்டில் உட்கார நமக்கு வசதி ஏது?

11 ஏப்ரல்
செல்வகுமார், மோட்டார் காயில் கட்டும் கடையை மூடிவிட்டு அவரே பிள்ளையைப் பார்த்துக்கொள்கிறாராம். பால் யார் கொடுப்பது என்றேன். யோசித்துச் சொல்கிறாராம்!

24 மே
காலையிலேயே கோட்டக்குப்பத்திலிருந்து எங்கள் ஸ்கூல் ஸாலிஹா டீச்சர் போன். "ஆர்த்தி, ஜல்தி டிவியப் போடு!"

நேற்று சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு. தமிழ்நாட்டு அரசுப்பள்ளி டீச்சர் ஒருவர். என்னைப் போலவே மறுமணம், முதல் கல்யாணத்தில் இரண்டு பிள்ளைகள், அடுத்ததற்கு லீவு மறுப்பு. டெல்லி வரை போய் ஜெயித்துவிட்டார்! பிரசவ விடுப்பு பெண்ணின் மகப்பேற்று உரிமையில் அடங்கியது, அவள் கண்ணியத்தைச் சேர்ந்தது என்று சொல்லியிருக்கிறார்கள். நான் இத்தனை நாள் சலுகை கேட்பதாக நினைத்துத்தான் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன்.

தீர்ப்பைப் போனில் இறக்கி முழுசும் படித்தேன். சாம்பார் அடிப்பிடித்தது. யாரும் திட்டவில்லை.

9 ஜூன்
எச்.எம். சாரும் தீர்ப்பைப் படித்திருக்கிறார். ஆனால்— "அது அந்தம்மாவுக்குக் குடுத்த தீர்ப்பு. அவங்க பிள்ளைங்க முதல் வீட்டுக்காரர்கிட்ட வளருது. உங்களுது உங்ககிட்ட வளருது. உங்க லீவு மனுவ நான் அனுப்பினா மேல என்னைத்தான் கேப்பாங்க."

அப்போ என்னா, புள்ளைங்கள விட்டுட்டு வந்திருந்தா லீவு, வச்சிக் காப்பாத்தினா கிடையாதா? அவ்ளோ பக்கம் எழுதிக்கிறாங்க, அது ஒண்ணுதான் இவர் கண்ணுல பட்டுதா? பேஜாரு. பஸ்ஸில் அழுதேன். அழுததில் டிக்கெட் எடுக்க மறந்து, கண்டக்டரிடமும் பாட்டு.

17 ஆகஸ்ட்
மாமியார் சின்னபொண்ணு அத்தை எனக்கு வளைகாப்புக்கு நாள் குறித்துவிட்டார். எதிர்வீட்டில் முணுமுணுப்பு: தலைச்சனுக்குத்தானே வளையல் அடுக்குவது, மூணாவதுக்கு எங்காவது உண்டா? எனக்கும் கூச்சம்தான். அத்தை விடுவதாக இல்லை. "ஊர்ல எத்தினி பொண்ணுங்களுக்கு நான் அடுக்கிக்கினு கிடந்தேன். எங்க ஊட்டுக்கு ஒரு தபா அவளுங்க வர வேணாமா?"

நியாயம்தான்.

31 ஆகஸ்ட்
இரண்டு கையும் கண்ணாடி வளையல். ஸாலிஹா பச்சை, அத்தை சிவப்பு. எச்.எம். சாரும் அவர் வீட்டம்மாவும் வந்தார்கள். புளிசாதத்தைப் பிசைந்துகொண்டே சார் அத்தையைச் சீண்டினார்: "ஏம்மா, மூணாவதுக்கா வளைகாப்பு?"

"அவளுக்கு மூணாவதுதாங்க. எம் புள்ளைக்குத் தலைச்சன். இந்த ஊட்டுக்கு வந்தப்புறம் அவளுக்கும் இதானே மொதலு? நீங்க அப்பளம் வச்சிக்கோங்க."

பெண்கள் கொல்லென்று சிரித்தார்கள். எனக்கு எங்கிருந்து தைரியம் வந்ததோ, மணையை விட்டு எழுந்து போனேன். "சார், சுப்ரீம் கோர்ட்டும் இதத்தான் பாத்துருக்கு. வேலைக்குச் சேர்ந்தப்புறம், இந்தக் கல்யாணத்துல, இதான் முதல் குழந்தைன்னு. பிள்ளைங்க யார்கிட்ட வளருதுங்கறதோட தீர்ப்பு முடியல. லீவு உரிமைன்னு சொல்லியிருக்கு. நீங்க அனுப்புங்க சார். மேல இல்லன்னு சொன்னா நானும் கோர்ட்டுக்குப் போறேன்."

பேசப் பேச வளையல்கள் கலகலத்தன. சார் தன் வீட்டம்மாவைப் பார்த்தார்.

"அதான் வயிறாரச் சாப்ட்டுட்டீங்க இல்ல? அனுப்பிடுங்க" என்றார் அந்த அம்மா.

1 செப்டம்பர்
அனுப்பிவிட்டார். பரிந்துரையோடு!

14 அக்டோபர்
ஓராண்டு லீவு. சம்பளத்தோடு. ஸ்டாஃப் ரூமில் ஸாலிஹா போட்ட சத்தத்தில் பத்தாம் வகுப்பே எட்டிப் பார்த்தது. சார் லட்டு வாங்கி வரச் சொன்னார்.

முகம் தெரியாத அந்த டீச்சரை நினைத்துக்கொண்டேன். அவங்க "போதும்டா சாமி"ன்னு பாதியில விட்டிருந்தா? நன்றி சொல்லக்கூட நம்பர் இல்லை.

18 ஜனவரி 2026
பொங்கல் லீவு முடிகிறது. நாளைக்கு எல்லோருக்கும் பள்ளிக்கூடம், எனக்கும் மடியில் கிடக்கும் இவனுக்கும் மட்டும் இல்லை. இரண்டு மாதத்தில் நன்றாகச் சிரிக்கிறான்.

பார்த்துக்கொண்டே இருந்த சின்னவள் கேட்டாள்: "நான் பொறந்தப்போ நீ எவ்ளோ நாள் வீட்ல இருந்தம்மா?"

அப்போது தனியார் பள்ளி. நாற்பது நாளில் கூப்பிட்டார்கள், போனேன். அதைச் சொன்னேன்.

"இவனுக்கு மட்டும் ஒரு வருஷமா? நானும் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போவேன்!"

செல்வகுமார் விழுந்து விழுந்து சிரித்தார். நானும் சிரித்துக்கொண்டேதான், "போய் என்னடி கேப்ப?" என்றேன்.

"என் பாக்கி நாளைக் குடுங்கன்னு."

தம்பியை ஒரு பக்கத் தொடைக்கு நகர்த்தினேன். பத்து வயதுப் பெண், வெட்கமே இல்லாமல் மறு தொடையில் வந்து உட்கார்ந்துகொண்டாள். செம கனம். இன்னும் இறங்கவில்லை. அவள் முதுகில் நோட்டை வைத்துத்தான் இதை எழுதுகிறேன்.