குழந்தை பிறந்த மணி நேரம்

ரோஸ் பெல்
20 செப்டம்பர் 1937

தனராஜின் அப்பாவுக்கு,

நலம் விசாரிக்க மனம் வரவில்லை. தம்பி வீட்டில் வேளாவேளைக்குச் சோறு போடுகிறார்கள். அப்படியே மூடி வைத்துவிடுகிறேன்.

கொதிகலன் வெடித்த அன்று சர்க்கரை ஆலைக் கடிகாரத்தின் முள்ளைப் பின்னுக்குத் தள்ளி, போன ஒரு மணி நேரத்தைத் திரும்பக் கொண்டுவந்ததாக நீங்களே சொன்னீர்கள். யார் பெற்ற பிள்ளைகளோ ஆறு பேர் பிழைத்தார்கள். கூலி உயர்வு கேட்டு நின்ற நம் பிள்ளையைக் கரும்புத் தோட்டத்துக் காவலர்கள் சுட்டபோது அந்தக் கை எங்கே போயிற்று? முப்பதாம் நாள் காரியமும் முடிந்துவிட்டது. ஏன் திருப்பவில்லை என்று இப்போதாவது எழுதுங்கள்.

தெய்வானை

பாம்பூ
27 செப்டம்பர் 1937

அன்புள்ள தெய்வானைக்கு,

எனக்கு முன் கடிகாரம் பார்த்தவரிடம் சத்தியம் செய்துதான் சாவியை வாங்கினேன். சொந்த வீட்டுக்காகத் திருப்பக் கூடாது. யாருக்காகத் திருப்பினாலும், அந்த மணிக்குள் பிறப்பு உண்டா என்று மருத்துவச்சி ஊகெட்டிடம் முதலில் கேட்க வேண்டும். உண்டென்றால் முள்ளைத் தொடவே கூடாது. திரும்பி வரும் மணியில் அந்தக் குழந்தை உயிரோடு பிறக்காது.

தனராஜைச் சுட்ட அதே மணியில், ஆலைக்குப் பக்கத்து வீட்டு ஜிசெலுக்குப் பெண் பிறந்தாள். நதின் என்று பெயர்.

அங்கே மழை ஓயாது என்று சால்வை அனுப்பியிருக்கிறேன். வீட்டுக்கு வந்துவிடு.

விநாயகம்

ரோஸ் பெல்
4 அக்டோபர் 1937

தனராஜின் அப்பாவுக்கு,

சால்வையைத் திருப்பி அனுப்புகிறேன். நீங்கள் சட்டப்படி நடந்த நல்ல மனிதர். எனக்குச் சட்டத்தை மீறுகிற தகப்பன் வேண்டியிருந்தது. இனி எழுதாதீர்கள்.

தெய்வானை

பாம்பூ
18 மார்ச் 1968

அன்புள்ள தெய்வானைக்கு,

முப்பது வருடம் நீ சொன்னபடி இருந்தேன். நாட்டுக்குச் சுதந்திரம் வந்து புதுக் கொடி ஏறிவிட்டது. ஆலைக்கு மின்சாரக் கடிகாரம் வந்துவிட்டது. எனக்கு நெஞ்சுவலி. அதனால் சொல்லிவிடுகிறேன்.

அன்று நான் திருப்பினேன். ஊகெட்டிடம் கேட்கக்கூட இல்லை. ஓடிப்போய் தனராஜைக் கூட்டத்திலிருந்து இழுத்து வந்து கடிகார அறையில் உட்கார வைத்தேன். தேநீர் கொடுத்தேன். “என்னை மட்டும் ஏம்ப்பா இழுத்துட்டு வந்தீங்க? அவங்கல்லாம் அங்க நிக்கிறாங்களே” என்று கோபித்துக்கொண்டான். துப்பாக்கிச் சத்தம் கேட்டபோது என் பக்கத்தில் இருந்தான்.

பிறகு ஜிசெல் வீட்டிலிருந்து அலறல் வந்தது. ஊகெட் கடிகார அறை வாசலில் வந்து நின்று, “பொண்ணுதான் அண்ணே. அசையவே இல்ல” என்றாள்.

முள்ளை மறுபடி முன்னுக்குத் தள்ளினால் எல்லாம் பழையபடி ஆகிவிடும். தள்ளியவனைத் தவிர யாருக்கும் நினைவிருக்காது. தள்ளினேன். அவனும் இல்லை, பாதி குடித்த கோப்பையும் இல்லை. நம் பிள்ளையை இரண்டாம் முறை கொன்றவன் நான்.

நதின் இப்போது ரோஸ் ஹில் ஊரில் ஆசிரியை. அவளுக்கு எதுவும் தெரியாது.

விநாயகம்

ரோஸ் பெல்
25 மார்ச் 1968

தனராஜின் அப்பாவுக்கு,

கடிதத்தை மூன்று நாள் கையிலேயே வைத்திருந்தேன். மன்னிப்பேனா என்று தெரியவில்லை. யோசித்துப் பார்க்க இன்னொரு முப்பது வருடம் என்னிடம் இல்லை.

ஒன்று மட்டும் எழுதுங்கள். தேநீர் குடிக்கும்போது, அம்மா எங்கே என்று கேட்டானா?

தெய்வானை