காமினி ஒப்புக்கொண்ட ரன் அவுட்

ஜார்ஜ் டவுன், பினாங்கு

அன்பு மகள் காமினிக்கு,

நான் வாய் திறக்காமல் இருந்தது போதும். ஐந்து வாரமாக உன் அழைப்பை எடுக்கவில்லை. நானும் உன் அம்மாவும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம், துபாய் வெயிலில் நீயும் அப்படியே இருக்க வேண்டும். மனசு எப்படி என்று மட்டும் கேட்காதே.

ஐந்து வாரத்துக்கு முன் அஸ்ஹர் தேநீர்க் கடையில் பத்துப் பேரோடு உட்கார்ந்து டிவியில் உன் கிரிக்கெட் வர்ணனையைக் கேட்டுக்கொண்டிருந்தேன். யாரோ ஒருத்தி ரன் அவுட் ஆனதற்கு, நானும் மாநில இறுதியாட்டத்தில் இப்படித்தான் அவுட் ஆனேன், மட்டை கோட்டுக்குள் வரவே இல்லை, அம்பயர் சரியாகத்தான் கொடுத்தார் என்று உலகத்துக்கே சொல்லிவிட்டாய். உன்னை யார் கேட்டார்கள்? அந்த அவுட்டால்தான் தேசிய அணியில் உன் இடம் போயிற்று என்று ஆறு வருஷமாகச் சொல்லி வருகிறவன் நான். அன்று அவுட் கொடுத்த அம்பயர் சீனி முகம்மது நமக்கு நாலு வீடு தள்ளி இருக்கிறார். பெருநாளுக்கு அவர் வீட்டிலிருந்து வந்த கோழி ரெண்டாங் கறியை ஆறு வருஷமும் வாசலோடு திருப்பி அனுப்பினேன், தீபாவளிக்கு நம் முறுக்குத் தட்டும் அங்கே போகவில்லை. இப்போது உன் அம்மா, "போயி அவருகிட்ட மன்னிப்பா ஒரு வார்த்த சொல்லிட்டு வாங்களேன்" என்கிறாள். மாட்டேன். உன் மட்டை கோட்டுக்குள் வந்ததை எல்லைக் கோட்டருகே நின்று கண்ணால் பார்த்தவன் நான்.

போன சனிக்கிழமை, உன்னை தேசிய அணியிலிருந்து நீக்கிய தேர்வாளர் லோகேஸ்வரன் அதே கடைக்கு வந்து என் பின்மேசையில் உட்கார்ந்தான். "ஆட முடியாதவங்கதான் வாய வச்சிப் பொழைக்கிறாங்க" என்றான், எனக்குக் கேட்கும்படி. நான் திரும்பி, "உண்மையச் சொல்றதுக்குத்தான்யா எம்மகளுக்குச் சம்பளம். ஒனக்கு எதுக்குக் குடுக்குறாங்க?" என்றேன். பாதித் தேநீரோடு எழுந்து போய்விட்டான். அஸ்ஹர் மேசையைத் துடைத்தபடியே, "அப்ப அவுட்டுதான்லா அண்ணே" என்றான். மொத்தக் கடையும் என்னைப் பார்த்தது. தேநீருக்குக் காசை வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

படித்துச் சிரிக்காதே, நான் எதையும் ஒப்புக்கொள்ளவில்லை. அந்த வர்ணனைத் தொழிலை மட்டும் விடாதே. முழங்கால் வலிக்காக ஆட்டத்தை விடாமல் மாநில அணியிலாவது இன்னும் இரண்டு வருஷம் ஆடியிருக்கலாமே என்று இங்கே சொல்கிறவர்களுக்கு நான் பதில் சொல்லிக்கொள்கிறேன், உன் முழங்கால் அவர்களுக்கு வலிக்கவில்லை. தைலம் தேய், நேரத்துக்குச் சாப்பிடு. எந்தக் குறையும் இல்லாமல் நீ நன்றாக இருக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமை கூப்பிடு, எடுக்கிறேன். அந்த ஆட்டத்தைப் பற்றி மட்டும் பேசக் கூடாது.

கடைசியில் கையெழுத்தைப் போடுங்கள் என்று உன் அம்மா பக்கத்தில் நிற்கிறாள். நீ உண்மை பேசுகிறவள் என்று நான் சொன்னதை மேலே எழுதியிருக்கிறேன், அதன் கீழே கையெழுத்தும் போட்டால் நீ அவுட்தான் என்று நானே எழுதிக் கொடுத்தது போலாகும். போட மாட்டேன். இப்படியே உறையில் வைத்து ஒட்டித் தபாலில் சேர்க்கிறேன்.