வெள்ளைக் கோட்டுக்கு வெளியே

1984 கார்த்திகை, செவ்வாய்.

மழை விடவில்லை. மைன்ஸ் கான்ட்ராக்ட் ஆட்களின் குடிசைகளில் தண்ணீர் புகுந்ததால், நான் பார்த்துக்கொள்ளும் இண்டோர் ஸ்டேடியத்தில் அவர்களைத் தங்கவைத்திருக்கிறோம். நாளை அங்கே ஷட்டில் போட்டி. விடிந்ததும் காலி செய்யச் சொல்லிவிட்டு வா என்று மேனேஜர் சாயங்காலம் அனுப்பினார்.

உள்ளே போனதும் நின்றுவிட்டேன். விளக்கு வெளிச்சத்தில் மரத்தரை குளம்போல் மினுங்கியது. அதில் ஒருவரும் இல்லை. ஆடுகளத்தின் வெள்ளைக் கோட்டுக்கு வெளியே, ஜன்னல் சாரலில், அத்தனை குடும்பமும் சுவரோரம் ஒடுங்கிக் கிடந்தது. செருப்புகள்கூட வாசலில் நனைந்துகொண்டிருந்தன.

"ஏம்மா, நடுவுல காய்ஞ்சுதானே கிடக்கு?"

"நீங்க ஆடுற எடமாச்சேங்க. நாங்க மிதிச்சிக்கினு இருந்தா வீணாப்பூடாது?" என்றாள், கைக்குழந்தையை முந்தானையால் மூடிக்கொண்டிருந்த ஒருத்தி.

காலி செய்யச் சொல்ல வந்தவன், "உள்ள வந்து படுங்கம்மா" என்றேன். அவள் மட்டும் தயங்கித் தயங்கி வந்து, வலைக் கம்பங்களுக்கு நடுவே சேலையால் தூளி கட்டினாள். மற்றவர்கள் பார்த்துக்கொண்டே இருந்தார்கள். நான் வீட்டுக்கு வந்துவிட்டேன்.

காலையில் மேனேஜர், "சொல்லிட்டியாய்யா?" என்பார். நான் சொன்னது 'உள்ள வந்து படுங்க' என்பது ஒன்றுதான்.

கண் சொக்குகிறது. மூடினால் தூளி ஆடுகிறது, அந்தப் பெரிய வெளிச்சத்தின் நடுவில், தன்னந்தனியாக. இந்நேரம் மற்றவர்களும் கோட்டைத் தாண்டியிருப்பார்களா?