கடித்துத் தின்னும் தண்ணீர்

22 ஏப்ரல் 2025, செவ்வாய்

காலை ஆறரைக்கே வெயில் வந்துவிட்டது. என் மனைவி கனகம் அதற்கு முன்பே வந்துவிட்டாள், பாட்டிலோடு. ஒரு நாளைக்கு முக்கால் லிட்டர். காபி, ரசம், மாத்திரை விழுங்கும் தண்ணீர் எல்லாம் இதற்குள் அடங்க வேண்டும். எனக்கு அரை டம்ளர் காபி தந்தால், அதே அளவைப் பாட்டிலிலிருந்து எடுத்து முற்றத்துச் செவ்வரளிக்கு ஊற்றிவிடுகிறாள். ராஜபாளையத்திலேயே செழிப்பான செவ்வரளி எங்கள் வீட்டில்தான் இருக்கிறது.

சிறுநீரகங்கள் இரண்டும் ஓய்வு பெற்று ஏழு மாதம். திங்கள், புதன், வெள்ளி டயாலிசிஸ். மற்ற நாட்களில் தாகம். இருபத்தெட்டு வருடம் கிளை நூலகத்தில் உட்கார்ந்திருந்தபோது தாகத்தை ஓர் உருவகம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். கவிதை அலமாரியில் அது நிறைய இருந்தது.

24 ஏப்ரல், வியாழன்

டயாலிசிஸ் எந்திரத்தைப் பார்த்துக்கொள்ளும் பெண் ஜரீனா. இருபத்தாறு வயது. 'சார்' என்று அழைத்துக்கொண்டே மிரட்டத் தெரிந்தவள். நேற்று ஒரு வழி சொன்னாள்.

"விதையில்லாத திராட்சைய ஃப்ரீசர்ல போடுங்க சார். நாக்கு வறண்டா ஒண்ணு. கடிக்காதீங்க, கன்னத்துல ஒதுக்கி வச்சுக்கோங்க. ஒரு நாளைக்குப் பத்து."

கனகம் இன்றே செய்துவிட்டாள். கழுவி, துணியால் ஒவ்வொன்றாக ஈரம் துடைத்து, தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி, கல்லானதும் டப்பாவில் எடுத்து வைத்தாள். அன்னாசியும் ஆகும், ஆப்பிளும் ஆகும். ஆகாதவற்றின் பட்டியல் ஃப்ரிட்ஜ் கதவில் என் கையெழுத்திலேயே இருக்கிறது: இளநீர், வாழைப்பழம், மாம்பழம், சப்போட்டா. 'பொட்டாசியம் கூடினால் இதயம் நின்றுவிடும்' என்று கீழே சிவப்பு மையில் ஒரு வரி. எழுத்து அழகாக வந்திருக்கிறது.

பத்தாவது திராட்சை பகல் பன்னிரண்டுக்கு முடிந்தது.

30 ஏப்ரல், புதன்

இரண்டு நாளில் இரண்டு கிலோ நூறு கூடியிருக்கிறேன். எல்லாம் தண்ணீர். ஜரீனா எடையை அட்டையில் எழுதி, கீழே இரண்டு கோடு போட்டாள். பக்கத்துப் படுக்கை சங்கிலிப்பாண்டி, தளவாய்புரத்துக்காரர், மூன்று கிலோ. நல்ல மனிதர்; அவரைப் பார்த்தால் மனம் லேசாகிறது.

4 மே, ஞாயிறு

அக்னி நட்சத்திரம் இன்று தொடங்கியது. அக்காவும் இன்றுதான் வந்தாள்.

வெள்ளைத்தாய், என்னைவிட ஆறு வயது மூத்தவள், ஸ்ரீவில்லிபுத்தூர் மடவார் வளாகத்தில் இருக்கிறாள். ஒரு கட்டைப்பை நிறையச் சப்பட்டை மாம்பழம், ஒரு சீப்பு நாட்டு வாழை, ஆறு இளநீர். மேலே குச்சி ஐஸ் அச்சு, புதுசு, எட்டுக் குழி.

"சீனி இல்ல, கலர் இல்ல, எசன்ஸ் இல்ல. முழுக்கப் பழந்தான். செல்லுல பாத்தேன். ஒடம்புக்கு அம்புட்டு நல்லதாம்."

நோயாளியைப் பார்க்க இளநீர் இல்லாமல் வருவது எங்கள் பக்கம் பகைக்கு அடையாளம். இந்த ஏழு மாதத்தில் அன்போடு இந்த வீட்டுக்கு வந்த இளநீர், என்னை மூன்று முறை கொல்லப் போதுமானது.

கனகம் பட்டியலைக் காட்டினாள். "மதினி, இது ஒண்ணும் அவியளுக்கு ஆகாது. தண்ணியே அளந்துதான் தாரேன்."

"டாக்டர் என்ன சொன்னாரு? தண்ணி குடிக்கக் கூடாதுன்னாரு. இதக் குடிக்கவா போறான்? கடிச்சுத்தான திங்கப் போறான்."

தர்க்கத்தில் ஓட்டை இல்லை. உடம்புதான் தர்க்கம் படிக்கவில்லை.

6 மே, செவ்வாய்

காலையில் ஃப்ரீசரைத் திறந்த கனகம் அக்கா ஊற்றி வைத்திருந்த எட்டு ஐஸையும் எடுத்து அங்கணத்தில் போட்டுக் குழாயைத் திறந்துவிட்டாள். மஞ்சளாகக் கரைந்து ஓடியது. பிறகு ஃப்ரிட்ஜைப் பூட்டினாள். அதற்குச் சாவி உண்டு என்பதே பதினோரு வருடத்தில் இன்றுதான் தெரிந்தது.

"தம்பி நாக்கு ஒட்டிப்போயி கெடக்கான். நீ சாவிய இடுப்புல சொருகிட்டுத் திரியுத. புருசனுக்குக் காவக்காரியாட்டி நீ?"

"காவலுக்கு ஆளில்லேன்னா இந்நேரம் தலமாட்டுல உக்காந்து அழுதுக்கிட்டு இருப்பிய மதினி."

"ஏட்டி, மொதல்ல வாயக் கழுவு."

"அதுக்கும் தண்ணி வேணும். இந்த வீட்ல அளந்துதான் தாரது."

நான் நாளிதழில் வானிலைப் பகுதியைப் படித்துக்கொண்டிருந்தேன். வறண்ட வானிலை நீடிக்கும் என்றிருந்தது.

அக்கா ஐஸ் அச்சைப் பையில் போட்டுக்கொண்டு பதினொன்றரை பஸ்ஸுக்குக் கிளம்பிவிட்டாள். வாசலில் செருப்பை மாட்டும்போது என்னிடம் சொன்னாள்: "கூப்புட்டா வாரேன். கூப்புடாம வந்தது ஏந் தப்பு."

நான் கூப்பிடவில்லை.

13 மே, செவ்வாய்

வெயில் நூற்று மூன்று டிகிரி. கனகத்திடம் ஒரு மடக்குத் தண்ணீர் கேட்டேன். இல்லை என்றாள்.

ஒரே ஒரு மடக்குத்தான கேட்டேன்? கெணத்தையா கேட்டேன்? செடிக்கு ஊத்துறால்ல, எங் கண்ணு முன்னால, சொட்டு மிச்சமில்லாம— செடிக்கு என்ன கிட்னியா போயிருச்சு? அவ மட்டும் சமையக்கட்டுல நின்னு சொம்போட அண்ணாக்கக் குடிக்கா. தொண்டை ஏறி எறங்குற சத்தம் இங்கன கேக்குது.

சாயங்காலம். மேலே எழுதியதை அடிக்க வேண்டாம் என்று விட்டுவிட்டேன். கனகத்தை வெறுக்கிறேன். முப்பது வருட மணவாழ்க்கையில் இவ்வளவு ஒழுங்காக, குறித்த நேரத்துக்கு, இடைவிடாமல் நான் செய்த வேறு காரியம் இல்லை.

20 மே, செவ்வாய்

கான்சாபுரத்தில் கனகத்தின் தம்பி மகளுக்குக் காதுகுத்து. ஞாயிற்றுக்கிழமை. அத்தை போகாமல் முடியாது. சனிக்கிழமை போய் ஞாயிறு திரும்ப வேண்டும். என்னை எங்கே விடுவது? அந்தக் கூட்டத்தில் என்னைக் கொண்டுபோய் உட்கார வைத்தால் ஆளுக்கொரு இளநீர் வெட்டுவார்கள்.

கடைசியில் அக்காவுக்கு அவளே போன் செய்தாள். பேச்சு நாற்பது விநாடி. முகமன் இல்லை, நலம் விசாரிப்பு இல்லை. எல்லையில் கைதியை ஒப்படைப்பது பற்றி இரண்டு அரசுகள் பேசியதுபோல் இருந்தது.

25 மே, ஞாயிறு

நேற்று நடந்தது.

பத்து மணிக்கு கனகம் என்னை மடவார் வளாகத்தில் இறக்கிவிட்டாள். பாட்டில், மாத்திரை, திராட்சை டப்பா. "மதினி, இதுக்கு மேல ஒரு சொட்டு கெடையாது. இனி திங்கக்கெழமதான் டயாலிசிஸ். இந்த ரெண்டு நாளுதான் மோசமான நாளு." அக்கா தலையை ஆட்டினாள்.

நாலு மணிக்கு அக்கா ஒரு ஐஸ் கொண்டுவந்து கையில் திணித்தாள். "ஒண்ணுதான். அவகிட்ட ஒளறிராத."

மாம்பழம், வாழை, இளநீர். பட்டியலில் முதல் மூன்று. பல் கூசியது. பிறகு கூச்சம் போய், தொண்டைக்குள் வழுக்கிக்கொண்டு இறங்கியது. எட்டு மாதத்தில் என் உடம்பு என்னிடம் நன்றி சொன்னது அப்போதுதான்.

சனிப் பிரதோஷம். ஐந்து மணிக்கு அக்கா வைத்தியநாத சுவாமி கோயிலுக்குக் கிளம்பினாள். என் பெயருக்கும் நட்சத்திரத்துக்கும் அர்ச்சனை. இன்று கூட்டமாக இருக்கும், வர நேரமாகும் என்றாள்.

வர நேரமானது. அவள் அங்கே என் ஆயுளுக்காக வரிசையில் நின்றபோது நான் இங்கே ஐந்து ஐஸ் தின்றேன். முதல் இரண்டை அவசரமாக. மற்ற மூன்றை நிதானமாக, நாற்காலியில் உட்கார்ந்து, மின்விசிறிக்குக் கீழே. சிவப்பு மையில் எழுதிய வரி நினைவில் இல்லாமல் இல்லை. எழுத்துப் பிழையில்லாமல் நினைவில் இருந்தது. குச்சிகளைக் குப்பைக் கூடையில் நாளிதழுக்கு அடியில் போட்டேன்.

அக்கா வந்து நெற்றியில் திருநீறு பூசினாள். பால் எடுக்க ஃப்ரிட்ஜைத் திறந்தாள். அச்சின் காலிக் குழிகளைப் பார்த்தாள். சாத்தினாள்.

"ராத்திரிக்கு இட்லியா, தோசையா?" என்றாள்.

இன்று சாயங்காலம் கனகம் வந்து கூட்டிக்கொண்டு போனாள். பஸ்ஸில் ஏறும்போது கால் தூக்க வரவில்லை.

28 மே, புதன்

எழுத இன்றுதான் கை ஓடுகிறது.

திங்கள் காலை மருத்துவமனை வாசலில் விழுந்தேன். கால் இரண்டும் என்னுடையவை அல்ல. இதயம் ஒரு துடிப்புக்கும் அடுத்ததற்கும் நடுவே யோசித்துக்கொண்டிருந்தது. ஈ.சி.ஜி. தாளைப் பார்த்த டாக்டர் நடக்கவில்லை, ஓடினார். ஊசி, எந்திரம், நாலு மணி நேரம்.

"என்ன சாப்பிட்டீங்க?"

"ஐஸ். பழ ஐஸ்."

"எத்தனை?"

"ஒண்ணு."

"ஒரு ஐஸுக்குப் பொட்டாசியம் இவ்வளவு ஏறாதே" என்றார். படித்தவர்.

மதியம் அக்கா வந்தாள், பஸ்ஸிலிருந்து இறங்கி ஓடிவந்த மூச்சோடு. கனகம் அவளை என் கட்டிலருகே வரவிடவில்லை. கதவருகில் நிறுத்திக் கேட்டாள்.

"குடுத்தியளா?"

"குடுத்தேன்."

"எத்தன?"

அக்கா கனகத்தின் தோளைத் தாண்டி என்னைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். "எண்ணல. நெறையத்தான் குடுத்துட்டேன். ஏந் தப்புதான்."

"இனி அந்தப் பக்கம் நாங்க வர மாட்டோம். இந்தப் பக்கம் நீங்களும் வராதிய. அவிய பொணத்துக்கு வேணா வாங்க."

வார்டில் எல்லோரும் கேட்டார்கள். சங்கிலிப்பாண்டி கண்ணை மூடிக்கொண்டார்.

அப்போது நான் பேச முடியாத நிலையில் இருந்தேன் என்று எழுதலாம். பேச முடிந்தது. நர்ஸை அழைத்து, வெயில் கண்ணில் அடிக்கிறது, திரையை இழுத்துவிடுங்கள் என்றேன்.

31 மே, சனி

சொல்லவில்லை.

2 ஜூன், திங்கள்

இன்றும் இல்லை. கனகம் என்னிடம் திடீரென்று அன்பாக இருக்கிறாள். திராட்சையைப் பன்னிரண்டாக்கியிருக்கிறாள். அக்காவிடம் ஏமாந்த அப்பாவி என்ற பதவி எனக்குப் பொருந்துகிறது. எட்டு மாதத்தில் எந்த மருந்தும் தராத சுகம்.

4 ஜூன், புதன்

ஊசி குத்தும்போது ஜரீனா கேட்டாள்: "உங்க அக்காவுக்கும் உங்களுக்கும் என்ன சார் சண்டை?"

"ஏன்?"

"டயாலிசிஸ் அன்னைக்கெல்லாம் வாராங்களே. நீங்க உள்ள வந்தப்பொறம் வந்து கீழ பெஞ்சுல உக்காந்திருப்பாங்க. என்கிட்ட உங்க எடைய மட்டும் கேட்டுக்கிடுவாங்க. உங்க வீட்டம்மா உங்களக் கூப்பிட வர்றதுக்கு முந்திக் கிளம்பிருவாங்க."

அவள் குழாயை டேப் போட்டு ஒட்டினாள்.

"எந்தப் பழம் ஆகும், எது ஆகாதுன்னு எழுதித் தாம்மான்னாங்க. படிக்கத் தெரியுமாம்மான்னு கேட்டேன். 'எந்தம்பி லைப்ரரியில இருந்தவன்'னாங்க."

நாலு மணி நேரம் அசையாமல் படுத்திருக்க வேண்டும். புத்தகம் கொண்டுபோயிருந்தேன். திறக்கவில்லை.

5 ஜூன், வியாழன்

கனகம் அன்னாசி நறுக்கிக்கொண்டிருந்தாள், ஃப்ரீசரில் போட. அடுப்படி வாசலில் நின்று சொன்னேன்.

"அக்கா குடுத்தது ஒண்ணு. அஞ்சு நான் எடுத்தது."

கத்தி நிற்கவில்லை. "அவிய எங்க போயிருந்தாவ?"

"கோயிலுக்கு."

"யாருக்கு?"

"எனக்கு."

ஒரு துண்டு, இரண்டு துண்டு. பிறகு கத்தியை வைத்தாள்.

"பொணத்துக்கு வாங்கன்னு சொன்னேன்."

"ம்."

"நீங்க முழிச்சுத்தான கெடந்திய?"

"ஆமா."

கத்துவாள் என்று நினைத்தேன். தயாராக இருந்தேன், பதிலும் வைத்திருந்தேன், நோயாளியின் மனநிலை பற்றி இரண்டு மேற்கோளோடு. அவள் கையைக் கழுவினாள். சேலையை மாற்றினாள். பாதி நறுக்கிய அன்னாசியை அப்படியே பலகையில் விட்டுவிட்டு ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஏறப் போய்விட்டாள். ஃப்ரிட்ஜைப் பூட்டவில்லை. நான் தண்ணீர் குடிக்கவில்லை. இரண்டும் நடந்தன.

அன்னாசியில் எறும்பு வந்தது. தள்ளிவிட்டுக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். ஐந்தரைக்கு வாசலில் இரண்டு ஜோடிச் செருப்புச் சத்தம்.

8 ஜூன், ஞாயிறு

அக்கா மூன்று நாளாக இங்கே இருக்கிறாள். அன்று அவர்கள் என்ன பேசிக்கொண்டார்கள் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை. என்னிடம் யாரும் அதிகம் பேசுவதும் இல்லை. "மாத்திர" என்கிறாள் ஒருத்தி. "எந்திரி" என்கிறாள் இன்னொருத்தி. என்னைப் பற்றிய கருத்தில் அவர்களுக்குள் இப்போது முழு உடன்பாடு.

மற்றபடி எல்லாவற்றிலும் சண்டை. காலையிலிருந்து அடுப்படியில் அன்னாசியும் ஆப்பிளும். ஜரீனா எழுதிக் கொடுத்த தாளைக் கனகம் வாசிக்க, அக்கா நறுக்கினாள்.

"இம்புட்டுப் பெருசா நறுக்கினா நாக்குல நிக்குமா மதினி?"

"சுண்டெலிக்கா நறுக்குறோம்? ஏட்டி, நீ வாசி, போதும்."

மதியம் கட்டியானதை எடுத்து அக்கா ஒரு துண்டை வாயில் போட்டுப் பார்த்திருக்கிறாள். நான் பக்கத்து அறையில் கட்டிலில் படுத்திருந்தேன். கேட்டது.

"என்ன கனகம், இது புளிப்பா, சப்புன்னு, ஒண்ணுக்கும் ஆகாம இருக்கு. நல்லாவே இல்லியே."

"நல்லா இருக்கக் கூடாது மதினி. நல்லா இருந்தா அவிய ஆறு திம்பாவ."