துருக்கிப் படத்துக்கு நான் எழுதிய முடிவு

12.7.94, செவ்வாய்

காலையிலிருந்து பாலக்காட்டுக் காற்று. கொடியில் போட்ட துணியில் பாதி பக்கத்து வீட்டில். ஆபீசுக்கு அரை மணி லேட்.

ஞாயிறு ஃபிலிம் சொசைட்டியில் துருக்கிப் படம். எடுத்தது ஒரு பெண். வழக்கம்போல் அறிமுகக் குறிப்பு என் தலையில். படம் வருமுன்பே முழுக் கதையையும் தமிழில் எழுதி, மைக்கில் படித்துவிட வேண்டும். கீழே ஓடும் இங்கிலீஷ் பாதிப் பேருக்குப் பிடிபடாது. படத்தைப் பற்றி டில்லியிலிருந்து வந்தது ஒரே தாள், கார்பன் நகல். கடைசி இரண்டு வரி மை அப்பி, படிக்கவே முடியவில்லை.

படமெடுத்த அம்மாவின் ஜாதகம்: ஸ்டூடியோவில் தையல் வேலை. பிறகு பதினோரு வருஷம் உதவி இயக்குநர். முதல் படம் நாற்பத்தொரு வயதில். அப்புறம் ஏழு வருஷம் ஒன்றுமே இல்லை. ஏன் என்று தாளில் இல்லை. இது மூன்றாவது படம்.

எனக்கு முப்பத்தாறு.

14.7, வியாழன்

தூறல். வாங்க: ஸ்டென்சில் தாள் 2, ரசப்பொடி, இவருக்கு பிளேடு.

மெட்ராஸ் கடிதத்துக்கு இன்னும் பதில் போடவில்லை. அங்கே படமெடுக்கும் ஓர் அம்மா என்னை உதவி இயக்குநராகக் கூப்பிட்டிருக்கிறார். ஆறு மாதம். இருபதாம் தேதிக்குள் பதில் வேண்டுமாம். வீட்டுக்காரரிடம் மறுபடி பேச்செடுத்தேன். "உன்ற இஷ்டம், நான் என்னத்தச் சொல்றது" என்று பம்ப்செட் பட்டறைக்குக் கிளம்பிவிட்டார். இரண்டு நாளாகச் சட்னி காரம் என்றுகூடச் சொல்வதில்லை. கோபப்பட்டால் சண்டையாவது போடலாம்.

குறிப்பு முடிந்தது. ரொட்டிக் கடைக்காரன் மனைவி, வீட்டை விட்டுக் கிளம்பி, துறைமுக ஊரில் மீன் கம்பெனி வேலைக்குப் போகிறாள். அழிந்த இடத்தில் நானே போட்டேன்: "இறுதியில் வீடு திரும்புகிறாள்." வேறென்ன இருக்கப்போகிறது. ஸ்டென்சிலில் நூறு பிரதி ஓட்டினேன்.

17.7, ஞாயிறு

காலைக் காட்சி. நல்ல கூட்டம். படித்தேன், முடிவு உட்பட. கைதட்டினார்கள்.

கடைசி ரீல். புருஷன் கூப்பிட வருகிறான். டீ வாங்கிக் கொடுக்கிறாள். ஊர் பஸ் வருகிறது. அவன் ஏறுகிறான். அவள் ஏறவில்லை, கம்பெனிப் பக்கம் நடக்கிறாள். முடிந்தது. விளக்கைப் போட்டார்கள். முகமெல்லாம் எரிந்தது எனக்கு.

கருமத்தம்பட்டியில் தறி வைத்திருக்கும் அக்கா, மாதம் தவறாமல் வருபவர், தாளை மடித்துக்கொண்டே வந்தார்.

"ஏனுங்க அம்மணி, அவ ஊட்டுக்கு வந்துருவான்னு எழுதியிருந்தீங்க. இப்ப வருவா இப்ப வருவான்னு பார்த்துட்டே இருந்தனுங்க. யாருங்க சொன்னாங்க உங்களுக்கு?"

யாரும் சொல்லவில்லை. அத்தனை வருஷம் காத்திருந்து அந்தத் துருக்கி அம்மா எடுத்த முடிவை மூன்றே சொல்லில் மாற்றிப்போட்டது நான். வெட்கமாக இருக்கிறது.

18.7, திங்கள்

வெயில். உக்கடத்தில் மீன் விலை ஏறிவிட்டது.

மெட்ராசுக்கு எழுதிப்போட்டாயிற்று, வருகிறேன் என்று.

சாயங்காலம் இவரிடம் சொன்னேன். குழாயடியில் கிரீஸ் கையைத் தேய்த்துக்கொண்டே இருந்தார்.

"எப்பத் திரும்பி வருவே?"

ஆறு மாதம் என்று சொல்ல வாயெடுத்தேன்.

"தெரியலீங்க" என்றேன்.